மேகானந்த பாபாவின் சம்பந்தி

ஹர்ஷ்மணி உனியால் கன்னத்தில் அறை வாங்கியதை நாடே பார்த்தது. அறைந்தவர் ஒரு பெண் இன்ஸ்பெக்டர். அப்போது ஹர்ஷ்மணி காவிப் பட்டு உடுத்தி, பத்மாசனமிட்டு, தரைக்கு மேலே இரண்டு முழ உயரத்தில் மிதந்துகொண்டிருந்தார். அறை விழுந்ததும் பொத்தென்று கீழே விழுந்தார். தாடியின் ஒரு பக்கம் கழன்று தொங்கியது.

கைப்பேசியில் ஓடும் ஒரு தொடரில் வந்த காட்சி அது. மேகானந்த பாபா என்ற மோசடி யோகியின் கதை. தொடரை முழுக்கப் பார்த்தவர்கள் குறைவு. அந்த அறையை மட்டும் யாரோ வெட்டியெடுத்துப் பரப்பிவிட்டார்கள். தேர்தலில் தோற்றவருக்கும் பரீட்சையில் தோற்றவனுக்கும், காதலில் மாட்டிக்கொண்டு முழித்தவனுக்கும் நண்பர்கள் அதையே அனுப்பினார்கள். ரிஷிகேஷில் முனி கி ரேத்தி பக்கம் ஆட்டோ ஓட்டுகிறவர்கள் ஹர்ஷ்மணியின் ஸ்கூட்டரைக் கண்டால் தங்கள் கன்னத்தில் தாங்களே ஒரு தட்டு தட்டிக்கொண்டு, "ஜெய் பாபாஜி!" என்பார்கள். அவரும் ஹாரன் அடித்து ஆசி வழங்கிவிட்டுப் போவார்.

நான் அவருடைய பக்கத்து வீட்டுக்காரன். டேராடூன் பத்திரிகை ஒன்றுக்கு இங்கிருந்து செய்தி அனுப்புகிறேன். முதுகுத்தண்டு தகராறு செய்ய ஆரம்பித்ததிலிருந்து காலை வேளையில் அவரிடம் போய்ப் படுத்துக்கொள்கிறேன். படுத்துக்கொள்வது என்றுதான் சொல்ல வேண்டும். அவருடைய வகுப்பில் பாதி நேரம் எல்லோரும் தரையில் மல்லாந்து கிடந்து மூச்சு விட்டுக்கொண்டிருப்போம். தர்மசாலையின் பின்கூடத்தில், குரங்குக் குல்லாயும் முழங்கை கிழிந்த சாம்பல் நிற சுவெட்டருமாக அவர் எங்களுக்கிடையே நடப்பார். அவர் அதிகமாகச் சொல்லும் உபதேசம் "வலிச்சா விட்டுடுங்க" என்பதுதான்.

படப்பிடிப்புக் குழு வந்தபோது, துணை நடிகர்களுக்கு உட்காரச் சொல்லித்தரத்தான் அவரை அழைத்தார்கள். பாபா வேடத்துக்கு மும்பையிலிருந்து வந்த நடிகரால் பத்மாசனத்தில் ஒரு வசனம் முடியும்வரை உட்கார முடியவில்லை. காலை மடக்கினார், கண்ணில் நீர் வந்தது. அதைப் பக்தி என்று காட்டிவிடலாமா என்றுகூட யோசித்திருக்கிறார்கள். கடைசியில் இயக்குநர் ஹர்ஷ்மணிக்கே தாடியை ஒட்டிவிட்டார். குரல் வேறொருவருடையது.

"மோசடிக்காரனாத்தான் நடிக்கணுமா?" என்று ஹர்ஷ்மணி கேட்டாராம்.

"மாஸ்டர்ஜி, யோகா ஆளுன்னா எங்ககிட்ட ரெண்டே வேஷம்தான். ஒண்ணு மகான், இன்னொண்ணு மோசடி. மகான் வேஷம் போன தொடர்லயே முடிஞ்சுபோச்சு."

"ஸ்கூட்டர்ல வந்து பாடம் எடுத்துட்டு, போற வழியில காய்கறி வாங்கிட்டுப் போற ஆள் வேஷம் இல்லையா?"

"அதை யாரு பார்ப்பாங்க?"

இதை ஹர்ஷ்மணி எங்களிடம் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். அவர் மனைவி பிரமிளா சிரித்ததில்லை. அவர் மகன் மயங்க்கும், அந்த மாசி மாதம் வந்த பிறகு, சிரிப்பதை நிறுத்திவிட்டான்.

மயங்க் ஸ்ரீநகரில், எங்கள் கட்வாலின் ஸ்ரீநகரில், ஓர் ஆஸ்பத்திரி மருந்தகத்தில் வேலை பார்க்கிறான். அங்கே செவிலியாக இருக்கும் ஹேமந்தியைக் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டான். அவளுக்கும் சம்மதம். ஜாதகம் பொருந்தியது, குலம் பொருந்தியது. பெண்ணின் அப்பா சத்யானந்த் தப்லியால், ராணுவத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர். எல்லாவற்றுக்கும் தலையாட்டிக்கொண்டே வந்தவர், பையனுடைய அப்பாவின் புகைப்படத்தைப் பார்த்ததும் கைப்பேசியை மனைவியிடம் நீட்டியிருக்கிறார். "இந்த ஆளை எங்கேயோ அறைஞ்சாங்களே?"

"பையன் பழுதில்லை. அப்பனை நேர்ல பார்த்துட்டுத்தான் பேச்சு" என்று சொல்லி அனுப்பினார். ஹேமந்தியும் மயங்க்கிடம் தெளிவாகச் சொல்லிவிட்டாள்: "எங்கப்பாவை மீறி நான் வரமாட்டேன். அதை முதல் நாளே சொல்லிட்டேன் இல்ல? உங்கப்பாவை நல்லா நடந்துக்கச் சொல்லு."

"எங்கப்பா எப்பவும் நல்லாத்தான் நடந்துக்கறார். அதான் பயமா இருக்கு" என்றான் மயங்க் என்னிடம்.

அவர்கள் வருவதாகச் சொன்ன ஞாயிற்றுக்கிழமை காலையில் பிரமிளா என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். கூடத்தில் மரியாதையான ஆள் ஒருவர் இருக்க வேண்டுமாம். நான் உள்ளே நுழைந்தேன். ஊதுபத்திப் புகையில் ஒன்றும் தெரியவில்லை. கண் பழகியபோது, எதிரே தரையில் ஹர்ஷ்மணி உட்கார்ந்திருந்தார்.

வெள்ளை வெளேரென்று குர்தா. தோளில் மடிப்புக் கலையாத சால்வை. நெற்றி நிறையச் சந்தனம். கழுத்தில் ருத்திராட்சம், அதுவும் மூன்று சுற்று. கீழே புலித்தோல் போல அச்சடித்த விரிப்பு. லக்ஷ்மண் ஜூலாவில் வெளிநாட்டுக்காரர்களுக்கு விற்பது. பின்சுவரில் இமயமலைப் படம். இரண்டு பக்கமும் குத்துவிளக்கு. தாடி மட்டும்தான் குறை.

"எப்படி இருக்கு, பாயிசாஹப்?" என்று பிரமிளா பெருமையோடு கேட்டார். "இப்போ பார்த்தா யாராவது மோசடின்னு சொல்ல முடியுமா?"

மோசடி யோகி எதை உடுத்துவான்? நல்ல யோகி உடுத்துவதைத்தானே! பாவம், பிரமிளா கணவரை மகானாக்கப் பார்த்தார். அவர் கையால் மேகானந்த பாபா மறுபடி உயிரோடு எழுந்து உட்கார்ந்திருந்தார்.

"பிரமிளா, நான் சுவெட்டரே போட்டுக்கறேனே. குளிருது" என்றார் பாபா.

"அந்தக் கிழிசலையா? பெண் வீட்டுக்காரங்க முன்னாடியா? வாயை மூடிக்கிட்டு கண்ணை மூடுங்க."

"கண்ணை எதுக்கு மூடணும்?"

"தியானத்துல இருக்கீங்க!"

"அவங்க எப்ப வருவாங்கன்னே தெரியல. அதுவரைக்குமா?"

வாசலில் கார் நின்ற சத்தம் கேட்டது. மயங்க் ஓடினான். ஊதுபத்தியை அணைக்கலாமென்று நான் எழுந்தேன், அதற்குள் சுபேதார் நிலைப்படியில் நின்றிருந்தார். நெடிய மனிதர். முறுக்கிய மீசை, மெருகு போட்ட ஷூ. அவர் பார்வை புலித்தோலில் தொடங்கி, ருத்திராட்சம் வழியாக ஏறி, சந்தனத்தில் போய் நின்றது. பின்னால் வந்த மனைவி ஊர்மிளாவின் கையை மெதுவாகப் பிடித்து அழுத்தினார்.

"சாட்சாத் அவனேதான்" என்றார். அது ரகசியமாகச் சொன்னது என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார். அணிவகுப்பு மைதானத்தில் பழகிய குரல். தெருமுனைவரை கேட்டிருக்கும்.

உட்கார்ந்தார்கள். டீ வந்தது. குடித்தார்கள். வழியில் நிலச்சரிவு உண்டா, பனி எப்படி என்றெல்லாம் பேச்சு நடந்தது. பிறகு சுபேதார் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு நேராக விஷயத்துக்கு வந்தார்.

"உனியால்ஜி, நான் சுத்தி வளைக்க மாட்டேன். தொடர்ல நடிச்சது நீங்கதானே?"

"நான்தான்."

"நடிப்புன்னு சொல்வீங்க."

"நடிப்புதானே, சுபேதார் சாஹப்."

"அது எனக்கும் தெரியும். என்னை ஒண்ணும் தெரியாத மலைக்காட்டு ஆளுன்னு நினைச்சுடாதீங்க. ஒரு நடிகன் திருடனா நடிச்சா அது நடிப்பு. போலீஸா நடிச்சா அதுவும் நடிப்பு. நீங்க நடிகர் இல்லையே! நீங்க யோகா மாஸ்டர். யோகா மாஸ்டர் போய் யோகா மாஸ்டரா நடிச்சா அதுக்குப் பேரு என்ன? வாக்குமூலம்!"

மயங்க் கண்ணை மூடிக்கொண்டான். இப்போது அவன்தான் தியானத்தில் இருந்தான்.

"பத்திரிகைக்காரர் நம்ம பக்கத்து வீடுதான். இவரைக் கேளுங்க. பொய் சொல்ல மாட்டார்" என்று பிரமிளா என்னைத் தள்ளினார்.

"பத்திரிகைக்காரரா?" சுபேதார் என்னை மேலும் கீழும் பார்த்தார். "நல்ல சாட்சிதான் பிடிச்சீங்க!"

"இந்தச் சந்தனமெல்லாம் தினமும் உண்டா?" என்று ஊர்மிளா முதன்முறையாக வாய் திறந்தார். குரலில் கோபமில்லை. விசாரிப்புதான் இருந்தது.

ஹர்ஷ்மணி மனைவியைப் பார்த்தார். மனைவி கூரையைப் பார்த்தார்.

"இல்லை. இன்னைக்கு உங்களுக்காக" என்றார் ஹர்ஷ்மணி.

பிரமிளா தலையில் அடித்துக்கொள்ளாததுதான் பாக்கி. சுபேதார் முன்னுக்கு நகர்ந்து உட்கார்ந்தார். குரலைத் தாழ்த்தினார், அதாவது பக்கத்து வீடுவரை கேட்கிற அளவுக்கு.

"சரி, அதை விடுங்க. ஒண்ணு மட்டும் கேக்கறேன். அந்த மேலே எழும்பினது... கொஞ்சம்கூட வராதா?"

"வராதுங்க."

"ஒரு சாண்?"

"கம்பியில கட்டித் தொங்கவிட்டாங்க. கம்பியை அப்புறம் கம்ப்யூட்டர்ல அழிச்சுட்டாங்க."

"வேற ஏதாவது? நாடித்துடிப்பை நிறுத்தறது, தலைகீழா நிக்கறது..."

"தலைகீழா நின்ன காலம் உண்டு. இப்போ கழுத்துல தேய்மானம். டாக்டர் வேண்டாம்னுட்டார். நான் சொல்லிக் கொடுக்கறது பார்க்க நல்லாவே இருக்காது, சாஹப். படுத்துக்கிட்டு மூச்சு விடறதை யாரு வேடிக்கை பார்ப்பாங்க?"

சுபேதாரின் முகம் சுருங்கியது. மோசடிக்காரனைப் பிடிக்க வந்தவர் அவர்; ஆனால் உள்ளூர ஒரு சித்தரையும் எதிர்பார்த்து வந்திருக்கிறார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இரண்டுமே கிடைக்காமல், கழுத்துத் தேய்மானம் உள்ள ஒரு மனிதர் எதிரே உட்கார்ந்திருந்தார். அப்படியொருவரை என்ன செய்வது, எந்த வரிசையில் நிறுத்துவது என்று அவருக்குத் தெரியவில்லை.

"ஊர்மிளா, கிளம்பலாமா? மலையேறி ஊர் போய்ச் சேர நேரமாகும்" என்றார்.

மயங்க் எழுந்து நின்றுவிட்டான். அந்த நேரம் பார்த்து வாசற்கதவு தட்டாமலே திறந்தது.

"மாஸ்டர்ஜி! தர்மசாலையில பூட்டு தொங்குது, நீங்க இங்க என்ன..." என்று தொடங்கிய மைனா தேவி உள்ளே பார்த்ததும் இடுப்பில் கைவைத்து நின்றுவிட்டாள். சந்தையில் காய்கறி விற்கிறவள். பருத்த உடம்பு, அதைவிடப் பருத்த குரல். பின்னால், வகுப்புக்கு வருகிற, ஆற்றில் படகு விடும் பையன்கள் இருவர் எட்டிப் பார்த்தார்கள். ஞாயிறு வகுப்பு இல்லை என்று பிரமிளா எல்லோருக்கும் சொல்லியிருந்தார். மைனா தேவிக்குச் சொல்ல மறந்திருக்கிறார், அல்லது சொல்லத் தைரியம் வரவில்லை.

"ஐயோ, என்ன கோலம் இது? மறுபடி ஷூட்டிங்கா? இந்தத் தடவை யாரு அறையப் போறா? நான் அறையறேன், எனக்குச் சம்பளம் வேண்டாம்!"

"மைனா, விருந்தாளிங்க வந்திருக்காங்க" என்று பிரமிளா பல்லைக் கடித்தார்.

"இருக்கட்டும், அண்ணி. நமஸ்தே, நமஸ்தே." எல்லோரையும் ஒரே கும்பிடில் முடித்துவிட்டு அவள் மறுபடி ஹர்ஷ்மணி பக்கம் திரும்பினாள். "ரெண்டு மாசமா வந்து கிடக்கேன். முதுகு தேவலை, தூக்கம் வருது, அதெல்லாம் சரி. இந்த முட்டி? நேத்துகூட ராத்திரி பூரா குடைச்சல். காலை இப்படி நீட்டு, அப்படி மடக்குன்னீங்களே, என்ன ஆச்சு?"

"முட்டி என் கையில இல்லை மைனா. அன்னைக்கே சொன்னேன் இல்ல? எக்ஸ்ரே எடு, எலும்பு டாக்டரைப் பாருன்னு."

"டாக்டர்கிட்ட போறதுக்கு நான் ஏன் உங்ககிட்ட வரணும்?"

"மூச்சு விட வா. முட்டிக்கு அங்க போ."

"இதுக்கு ஒரு மாஸ்டரு!" என்று அவள் படகுப் பையன்களிடம் முறையிட்டாள். "பக்கத்து ஆசிரமத்துல ஒரே வாரத்துல சரியாகும்னு போர்டே மாட்டியிருக்கான். இவரைப் பாரு. வாயைத் திறந்தா 'என்னால முடியாது'."

"மாஸ்டர்ஜி, அந்தப் புலித்தோலை நான் எடுத்துக்கட்டுமா? படகுல போட்டா ஜோரா இருக்கும்" என்றான் பையன்களில் ஒருவன்.

பிரமிளா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். எல்லாம் போயிற்று என்று அவர் முகத்தில் எழுதியிருந்தது. ஆனால் ஊர்மிளா எழுந்திருக்கவில்லை. கைப்பையை மடியிலிருந்து எடுத்துப் பக்கத்தில் வைத்துவிட்டு, மைனா தேவியைத் தன் அருகே உட்காரச் சொன்னார்.

"பெஹன்ஜி, நீங்க இவருடைய சிஷ்யைதானே?"

"அப்படித்தான் வெச்சுக்கங்க."

"உள்ளே வந்ததும் குருவோட காலைத் தொடமாட்டீங்களா?"

"தொடலாம்தான். தொட்டுட்டு எழுந்திருக்கணுமே! அந்த முட்டியைப் பத்தித்தானே இவ்வளவு நேரமா கத்தறேன்?"

ஊர்மிளா சிரித்துவிட்டார். சத்தமில்லாத சிரிப்பு, தோள் மட்டும் குலுங்கியது. கணவர் பக்கம் திரும்பினார்.

"நம்ம ஊருக்கு ஒரு பாபா வந்து தங்கினாரே, ஞாபகம் இருக்கா? உங்கக்கா கூட்டிட்டுப் போனாங்க. மூச்சிரைப்பு கேக்கலன்னு ஒருத்தி சொன்னா. உனக்குப் பக்தி பத்தலைன்னார். இன்னொருத்தி சொன்னா. உன் வீட்டு வாஸ்து சரியில்லைன்னார். கடைசிவரைக்கும் 'என்னால முடியாது'ங்கற வார்த்தை மட்டும் அவர் வாயில வரலை. அவரை இப்படி நடுவீட்டுல நிக்கவெச்சு யாராவது ஏசியிருக்க முடியுமா? ஆளுங்களே தூக்கி வெளியே போட்டிருப்பாங்க."

"அதுக்காக..." என்றார் சுபேதார்.

"எதுக்காகவும் இல்லை. பார்த்ததைச் சொன்னேன்."

சுபேதார் மீசையைத் தடவினார். பிறகு உண்மையை எடுத்து வெளியே வைத்தார்.

"இவர் யோக்கியர்னே வெச்சுக்குவோம். கல்யாணத்துக்கு என் பழைய பட்டாளத்து ஆளுங்க அத்தனை பேரும் வருவாங்க. சம்பந்தி யாருன்னு பார்ப்பாங்க. ஒவ்வொருத்தனும் போனை எடுத்து அந்த அறையைப் போட்டுப் போட்டுச் சிரிப்பான். இருபத்தெட்டு வருஷம் நான் யாரும் என்னைப் பார்த்துச் சிரிக்காத மாதிரி வாழ்ந்தவன்."

இதற்குத்தான் பதில் வேண்டியிருந்தது. மயங்க் அப்பாவைப் பார்த்தான். நாங்கள் எல்லோரும் பார்த்தோம்.

ஹர்ஷ்மணி ருத்திராட்சத்தைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தார். ஈரக் கைக்குட்டையால் சந்தனத்தைத் துடைத்தார். துடைத்துக்கொண்டே பேசினார்.

"சிரிக்கட்டுமே, சாஹப். என்னைப் பார்த்துத்தானே சிரிப்பாங்க? எனக்குப் பழகிப்போச்சு. ஆனா ஒண்ணு, அவங்களுக்குத் தெரியாதது உங்களுக்குச் சொல்றேன். அந்த அறை நிஜம்."

"என்னது?"

"கையை ஓங்கி, கன்னத்துக்கு ஒரு விரல் தள்ளி வீசணும். இன்ஸ்பெக்டரா நடிச்ச அந்தம்மா ரொம்ப நல்லவங்க, பாவம், பதட்டக்காரங்க. நான் கம்பியில ஊஞ்சல் மாதிரி ஆடிட்டிருக்கேன். அவங்க குறிவெச்சது காத்துக்கு, வந்து நின்னது என் கன்னம். காதுக்குள்ள கோயில் மணி அடிச்சுது."

"திருப்பி ஒண்ணும் பண்ணலையா?"

"பத்மாசனத்துல காலைக் கட்டிவிட்டிருந்தாங்க, சாஹப்! என்ன பண்ணுவேன்? சுத்திச் சுத்தி வந்தேன், அப்புறம் கம்பியைத் தளர்த்திப் பொத்துன்னு கீழே போட்டாங்க. டைரக்டர் 'அருமை, அருமை'ன்னு கைதட்டறார். தாடி கழன்றது திட்டத்துலயே இல்லை."

சுபேதார் சிரிக்காமல் இருக்கத்தான் முயன்றார். மீசை முதலில் நடுங்கியது. பிறகு தொண்டையில் ஏதோ உருண்டது. கடைசியில் அந்த மைதானக் குரல் உடைந்து வெளியே வந்தபோது, குத்துவிளக்கின் சுடரே ஒரு பக்கம் சாய்ந்தது. படகுப் பையன்கள் ஒருவன் மிதக்கிற மாதிரியும் மற்றவன் அறைகிற மாதிரியும் செய்துகாட்டினார்கள். மைனா தேவி அறை சரியில்லை என்று திருத்தினாள்.

"அந்தம்மா அப்புறம் மன்னிப்புக் கேட்டாங்களா?" என்று கண்ணைத் துடைத்தபடி கேட்டார் சுபேதார்.

"ஒவ்வொரு ஹோலிக்கும் போன் பண்ணுவாங்க. உங்க வீட்டு விசேஷத்துக்கு அவசியம் வரேன், காலைத் தொட்டு மன்னிப்புக் கேக்கணும்னு சொல்லிட்டே இருக்காங்க."

சிரிப்பு நின்றது. சுபேதார் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"இன்ஸ்பெக்டரா? கல்யாணத்துக்கா?"

"கூப்பிட்டா வருவாங்கன்னுதான் நினைக்கறேன். வாக்குக் கொடுக்க மாட்டேன். மும்பைக்காரங்க."

"யூனிபார்ம்ல வருவாங்களா?"

"கேளுங்களேன், இந்த மனுஷன் கேக்கறதை!" என்றார் ஊர்மிளா. "தொடர் மோசம், யோகா ஆளுங்க பேரைக் கெடுக்குதுன்னு வழியெல்லாம் திட்டிட்டு வந்தவர் இவர்தான்."

"இன்ஸ்பெக்டர் என்ன தப்புப் பண்ணினாங்க? அவங்க கடமையைத்தானே செஞ்சாங்க" என்றார் சுபேதார். தன் பட்டாளத்து நண்பர்கள் வரிசையாக நிற்க, அந்த அம்மாளைத் தான் அழைத்துவருகிற காட்சி அவர் கண்ணுக்குள் ஓடுவது எங்கள் எல்லோருக்கும் தெரிந்தது.

இந்தச் சமயம் பார்த்து பிரமிளா உள்ளே போய்ப் புதிதாக டீ போட்டுக்கொண்டு வந்தார். தட்டில் எங்கள் பக்கத்து அதிரசமான அர்சாவும் இருந்தது. நல்ல வார்த்தை ஏதாவது வருமா என்று பயந்து பயந்து சுபேதாரிடம் நீட்டினார். அவரும் கையை நீட்டினார். ஊர்மிளா அந்தக் கையைப் பிடித்துக் கீழே இறக்கினார்.

"வேண்டாம், சம்பந்தியம்மா. வந்தப்போ குடிச்சது வேற. இனிமே நாங்க இந்த வீட்டுல தண்ணிகூடக் குடிக்கக் கூடாது."

எங்கள் பக்கம் பெண்ணைப் பெற்றவர்கள் மகள் வாழ்கிற வீட்டில் எதையும் வாயில் வைக்க மாட்டார்கள். பழைய வழக்கம், இப்போது பாதிப்பேர் விட்டுவிட்டார்கள். ஊர்மிளா விடவில்லை. அது எங்களுக்குப் புரிய ஒரு கணம் பிடித்தது. பிரமிளாவுக்கு அந்த ஒரு கணமும் தேவைப்படவில்லை. தட்டை அப்படியே என் கையில் திணித்துவிட்டு ஊர்மிளாவைக் கட்டிக்கொண்டார். மயங்க் ஹேமந்தியோடு போனில் பேச வாசலுக்கு ஓடினான்.

சுபேதார் ஆவி பறக்கும் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நிச்சயதார்த்தம் இன்னும் ஆகலையே, ஊர்மிளா. இந்த ஒரு கோப்பை..."

"கூடாதுன்னா கூடாது."

"அப்போ இப்படிக் கொண்டாங்க" என்றாள் மைனா தேவி. என் கையிலிருந்த தட்டிலிருந்து கோப்பையை எடுத்து, உஸ்ஸென்று உறிஞ்சினாள். "நான் யாருக்கும் பெண் கொடுக்கலை."